நுனி முடிச்சு

இந்த நாற்காலியின் பின்னங்கால் ஒன்று குட்டை. பெரிய குறை ஒன்றுமில்லை, ஒரு காகிதத்தை நான்காக மடித்து அடியில் வைத்தால் போதும். நீங்கள் அனுமதித்தால் நானே வைத்துவிடுகிறேன். ஆடும் நாற்காலியில் உட்கார்ந்தால் எனக்குப் பேச்சு வராது.

நன்றி மேடம். இப்போது சரியாகிவிட்டது.

நான் வந்தது உங்கள் விசாரணை அறிக்கையில் உள்ள ஒரு வார்த்தைக்காக. இரண்டாம் பக்கம், கீழிருந்து நான்காவது வரி. 'மூத்த வழிகாட்டியின் கவனக்குறைவால்' என்று எழுதியிருக்கிறீர்கள். மூத்த வழிகாட்டி நான். செத்தவன் என் தம்பி. கூடப்பிறந்தவனைப் பறிகொடுத்தவன் என்று இரக்கப்பட்டு, ஓர் எச்சரிக்கையோடு என்னை விட்டுவிட்டீர்கள். அந்த நல்ல மனசுக்கு நன்றி. ஆனால் அந்த வார்த்தை தவறு. அதைப் படித்ததிலிருந்து எனக்கு இருப்புக் கொள்ளவில்லை. மூன்று நாளாக வீட்டில் கூடத்துக்கும் சமையலறைக்கும் நடந்துகொண்டே இருக்கிறேன். சாப்பிட உட்கார்ந்தால் இரண்டு வாய்க்கு மேல் முடியாமல் எழுந்துவிடுகிறேன். நாற்பத்தாறு வயதில் என்னைப் பற்றி யாரும் அப்படி ஒரு வார்த்தை சொன்னதில்லை.

எங்கள் வேலையை முதலில் சொல்லிவிடுகிறேன். காட்டுக்குள் நிலம் தானாக உள்வாங்கி உண்டான பெருங்குழி அது. வாய் ஒரு பள்ளிக்கூட மைதானம் அகலம், ஆழம் நூற்றெழுபது அடி. காலையில் வேனில் எட்டுப் பேரை அழைத்துப்போவோம். இடுப்பில் வார் மாட்டி, ஒவ்வொருவராகக் கயிற்றில் கீழே இறக்கி, குழிக்குள் சுற்றிக் காட்டி, எதிர்ப்பக்கச் சரிவில் உள்ள இரும்பு ஏணிகள் வழியாக ஏற்றிக்கொண்டு சாயங்காலத்துக்குள் திரும்பிவிடுவோம். பதினான்கு வருடமாக இதுதான் பிழைப்பு.

தம்பிக்கு வாய் ஓயாது. முகம் வெளிறிப்போய் நிற்கிறவர்களைக்கூட இரண்டே நிமிடத்தில் சிரிக்க வைத்து, கயிற்றில் தொங்கவிட்டுவிடுவான். எனக்கு அது வராது. நான் பார்ப்பேன். வார், கொக்கி, ஹெல்மெட், கயிறு, முடிச்சு. பார்த்ததையே இன்னொரு தடவை பார்ப்பேன். "எங்கண்ணன் ஒரு பூதக்கண்ணாடிங்க, உங்க பல்லுல ஒட்டியிருக்கிறதைக்கூடச் சொல்லிடுவாரு" என்று வருகிறவர்களிடம் என்னை அறிமுகப்படுத்துவான். எல்லோரும் சிரிப்பார்கள். நானும் சிரிப்பேன்.

எப்போதும் முதலில் இறங்குகிறவன் அவன்தான். மற்றவர்கள் இறங்கும்போது கீழே நின்று கயிற்றைப் பிடித்துக்கொள்ள ஆள் வேண்டும். போய்ச் சேர்ந்ததும் இரண்டு விசில் அடிப்பான். விளிம்பில் குழிக்கு முதுகைக் காட்டி நின்று, காலை எடுப்பதற்கு முன்னால் என்னைப் பார்த்து, "பார்த்தாச்சா அண்ணா?" என்பான். "பார்த்தாச்சு, போ" என்பேன். பதினான்கு வருடத்தில் அவன் அதைக் கேட்காமல் இறங்கியதில்லை. அந்தக் கேள்வியைக் காதில் வாங்குவதற்காகவே நான் காலையில் எழுந்தேன் என்று சொன்னால் நீங்கள் சிரிக்கக் கூடாது.

அந்த ஜன்னல் கொக்கி சரியாக விழவில்லை. காற்றடித்தால் கண்ணாடி சுவரில் மோதும். ஒரு நிமிடம்.

சின்ன வயதில் அவன் ஷூ நாடாவை நான்தான் கட்டிவிடுவேன். பள்ளிக்கூடம் கிளம்பும்போது வாசற்படியில் உட்கார்ந்து காலை நீட்டுவான், இரட்டை முடிச்சாகப் போடுவேன். அவனுக்குப் பன்னிரண்டு வயது ஆகும்வரை இது நடந்தது. கல்யாணமான மறுவாரம் சாப்பாட்டு மேசையில் அவன் தன் மனைவியிடம் சொன்னான்: "எனக்கு ஏழு வயசுலயே கட்டத் தெரியும். அண்ணன் முகம் வாடிடுமேன்னு அஞ்சு வருஷம் காலை நீட்டிக்கிட்டு இருந்தேன்."

எல்லோரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். ஒரு பொடியன் ஐந்து வருடம் என்னைப் பார்த்துப் பரிதாபப்பட்டிருக்கிறான், எனக்குத் தெரியவில்லை. கைகழுவப் போகிறவன்போல எழுந்துபோய், வாசலில் கிடந்த எல்லோருடைய செருப்பையும் ஜோடி சேர்த்து வைத்தேன்.

தம்பியின் மனைவி பள்ளியில் உடற்பயிற்சி ஆசிரியை. நல்ல பெண், அவள் மேல் எனக்கு ஒரு வருத்தமும் இல்லை. ஒருநாள் எங்களோடு வந்திருந்தபோது சொன்னாள்: "வர்றவங்களையே ரெண்டு ரெண்டு பேரா நிக்கவச்சு, ஒருத்தர் வாரை ஒருத்தர் பார்க்கச் சொல்லலாமே. அவங்களுக்கும் ஒரு பொறுப்பு வரும், மாமாவுக்கும் பாரம் குறையும்." தம்பிக்கு அது பிடித்துப்போயிற்று. அடுத்த வாரமே ஆரம்பித்துவிட்டான். முன்பின் தெரியாதவர்கள் ஒருவர் இடுப்பை ஒருவர் இழுத்துப் பார்த்துக்கொண்டு கெக்கெக்கே என்று சிரித்தார்கள். எனக்கு எரிச்சலாக இருந்தது.

"நீ கொஞ்சம் ஓய்வா இருண்ணா. எல்லாத்தையும் உன் தலையில தூக்கிவச்சுக்கிட்டு, பாரு, எப்படி இளைச்சுட்டே" என்றான் தம்பி. அன்பாகத்தான் சொன்னான். தன் வாரைத் தானே இழுத்துப் பார்த்துக்கொண்டான். விளிம்பில் நின்றான், என்னைப் பார்த்துக் கையை ஆட்டினான், இறங்கிவிட்டான். கேட்கவில்லை.

சரி, இரண்டு நாளில் தானாக வருவான் என்று இருந்தேன். நானாகப் பார்ப்பதை நிறுத்தினேன். ஒன்றைக்கூடத் தொடவில்லை. வேனுக்குப் பக்கத்தில் தண்ணீர்க் குடுவையோடு நின்றுகொண்டு, கை இரண்டையும் சட்டைப்பைக்குள் விட்டுக்கொண்டேன். உள்ளே விரல்கள் பாட்டுக்கு நூலைத் திரித்துக்கொண்டிருக்கும். எதையாவது மறப்பார்கள், எங்காவது ஒரு கொக்கி திறந்து கிடக்கும், அப்போது தெரியும் என்று நினைத்தேன். ஒவ்வொரு விசிலையும் எண்ணினேன்.

ஏழு மாதம். ஐம்பத்திரண்டு பயணம். ஒன்றும் நடக்கவில்லை.

அதுதான் மேடம் என்னால் தாங்க முடியாமல் போனது. ஒரு கீறல்கூட விழவில்லை. நான் பதினான்கு வருடம் பார்த்ததும் ஒன்றுதான், பார்க்காமல் விட்டதும் ஒன்றுதான் என்று ஆகிவிட்டது. நீங்கள் என் இடத்தில் இருந்தால் என்ன செய்திருப்பீர்கள் என்று கேட்கமாட்டேன். இங்கே எல்லோரும் உங்களைக் கேட்டுத்தான் எதையும் செய்கிறார்கள்.

அந்த நாளுக்கு வருகிறேன். முதல்நாள் மழை பெய்திருந்தது. வந்தவர்கள் ஒரு பல் மருத்துவமனைக்காரர்கள், எட்டுப் பேர். தம்பி வேனில் அவர்களுக்குக் கதை சொல்லிக்கொண்டிருந்தபோது நான் பின்னால் சாமான்களோடு இருந்தேன். கயிறு இருநூறு அடி. அதைப் பைக்குள் திணிக்கும்போது முதலில் உள்ளே போவது கீழ்நுனி. அந்த நுனியில் முஷ்டி அளவுக்கு ஒரு முடிச்சுப் போடுவோம். கயிறு தரைக்கு எட்டாமல் போனாலும், இறங்குகிறவர் நுனியிலிருந்து நழுவிவிடாமல் அந்த முடிச்சு இடுப்பு வாரில் மாட்டிய இறங்கு கருவியில் முட்டி நிறுத்திவிடும். போடுவது தம்பியின் வேலை, பார்ப்பது என் வேலையாக இருந்தது.

கயிறு முழுவதையும் வெளியே எடுத்தேன். முடிச்சு இருந்தது. நன்றாகத்தான் போட்டிருந்தான், குறை சொல்ல ஒன்றுமில்லை. அவிழ்த்தேன். மறுபடி சுருள் விழாமல் பொறுமையாகத் திணித்தேன். வளைவுப் பாதை என்பதால் கொஞ்சம் நேரம் பிடித்தது.

குழிக்கு வந்ததும் விளிம்பை ஒட்டியுள்ள மரத்தைப் போய்ப் பார்த்தேன். கயிற்றை எப்போதும் அதில்தான் கட்டுவோம். "வேர்ல மண்ணு கரைஞ்சிருக்கு. பின்னாடி மரத்துல கட்டலாம்" என்றேன். ஏழு மாதத்தில் நானாகச் சொன்ன முதல் வார்த்தை. பின்னால் உள்ள மரம் அறுபது அடி தள்ளி இருக்கிறது. முன்மரத்து வேருக்கு ஒன்றும் ஆகவில்லை, யானையைக் கட்டினாலும் தாங்கும்.

தம்பி அந்த மரத்தைப் பார்த்தான், என்னைப் பார்த்தான். முகமெல்லாம் மலர்ந்துவிட்டது. நான் கோபத்தை விட்டுவிட்டேன் என்று நினைத்துக்கொண்டான் போலிருக்கிறது. "கயிறு எட்டுமாண்ணா?"

"எட்டும். அளந்துட்டேன்."

குழியின் பாதி ஆழத்தில் புதர் மண்டிய ஒரு திட்டு உண்டு. மேலே நின்றால் அதற்குக் கீழே எதுவும் தெரியாது.

கட்டினான். வாரை மாட்டினான். விளிம்பில் திரும்பி நின்றான். பிறகு அவன் கேட்டான் மேடம். ஏழு மாதம் கழித்து, அத்தனை பேர் முன்னாலும், சத்தமாக: "பார்த்தாச்சா அண்ணா?"

இந்த இடத்தில் நான் பொய் சொல்ல விரும்பவில்லை. 'நில்லு' என்று சொல்ல நேரம் இருந்தது. அவன் பதிலுக்காகக் காத்திருந்தான், காலைக்கூட எடுக்கவில்லை. ஆனால் எனக்கு அந்த நிமிடம் எவ்வளவு சந்தோஷமாக இருந்தது என்று உங்களுக்கு எப்படிச் சொல்வது. நடுவில் ஒன்றுமே நடக்காததுபோல இருந்தது. "பார்த்தாச்சு, போ" என்றேன்.

சிரித்துக்கொண்டே போனான்.

விசில் வரவில்லை. ஒரு சத்தம் வந்தது, பெரிய சத்தம் இல்லை, மூட்டையை இறக்கி வைத்ததுபோல. பல் மருத்துவர் விளிம்புப் பக்கம் எட்டிப்பார்த்து, "என்னங்க ஆச்சு?" என்றார். என்னால் சும்மா நிற்க முடியவில்லை. திரும்பி, வரிசையில் நின்றவர்களின் வாரை ஒவ்வொன்றாகப் பார்க்க ஆரம்பித்தேன். எட்டுப் பேரையும் பார்த்தேன். அந்த மருத்துவமனையில் வரவேற்பு மேசையில் இருக்கும் பெண்ணுக்குக் கொக்கி தலைகீழாக மாட்டியிருந்தது. ஜோடியாக நின்ற அம்மாள் அதைச் சரி என்று விட்டிருக்கிறார். கழற்றி ஒழுங்காக மாட்டிவிட்டேன். அந்தப் பெண், "நல்லவேளை, நீங்க இருந்தீங்க" என்றாள். அதற்குப் பிறகுதான் ஏணிப் பக்கம் ஓடினேன்.

நீங்கள் கேட்பது புரிகிறது. அவனைப் பயமுறுத்துவதுதான் நோக்கம் என்றால் எட்டாத கயிறு மட்டும் போதுமே, முடிச்சை ஏன் அவிழ்க்க வேண்டும். நியாயமான கேள்வி. நானும் அதை நிறைய யோசித்தேன். முடிச்சு இருந்திருந்தால் அவன் நுனியில் வந்து நின்றிருப்பான். கொஞ்சம் தொங்கியிருப்பான், சிரித்திருப்பான், கயிற்றைப் பிடித்துத் தானாக ஏறி வந்திருப்பான். அது அவனுக்குத் தெரியும். வந்து, 'எங்கண்ணன் அளந்த லட்சணத்தைப் பாருங்க' என்று பல் மருத்துவரிடம் சொல்லியிருப்பான். எல்லோரும் சிரித்திருப்பார்கள். அதனால் யாருக்கு என்ன புரிந்திருக்கும்?

பதினாறாம் நாள் தம்பியின் மனைவி என் வீட்டுக்கு வந்தாள். உட்காரவில்லை. அழவும் இல்லை. கதவைப் பிடித்துக்கொண்டு நின்றபடியே கேட்டாள்: "உங்க கண்ணுல எதுவும் தப்பாதே மாமா. இது மட்டும் எப்படி மாமா தப்புச்சு?"

அவன் போனதைவிட அந்தக் கேள்விதான் என்னை அறுத்தது. தப்பவில்லை அம்மா என்று சொல்லத் துடித்தேன். பிறகு உங்கள் அறிக்கை வந்தது. அதிலும் அதே பேச்சு.

ஆகவே திருத்துங்கள். என் தம்பியைக் கொன்றது நான். முடிச்சை அவிழ்த்தேன், கயிறு எட்டாது என்று தெரிந்தே எட்டும் என்றேன், போகச் சொன்னேன். எங்கே கையெழுத்துப் போட வேண்டுமோ போடுகிறேன். ஆனால் கவனக்குறைவு என்று மட்டும் எழுதாதீர்கள். அவளுக்கும் அதைச் சொல்லிவிடுங்கள், அவள் மனம் ஆறும்.

இன்னொன்று. காலையில் நீங்கள் வரும்வரை மாடி வராந்தாவில் ஒரு மணி நேரம் உட்கார்ந்திருந்தேன். படிக்கட்டுக் கைப்பிடியில் மேலிருந்து மூன்றாவது திருகு லொடலொடவென்று ஆடிக்கொண்டிருந்தது. அதைப் பிடித்துக்கொண்டு பதினோரு பேர் ஏறி இறங்கினார்கள். ஒருவர்கூட நின்று பார்க்கவில்லை. யாருக்கும் ஒன்றும் ஆகவும் இல்லை. அதற்குமேல் என்னால் உட்கார முடியவில்லை. இதோ, அந்தத் திருகு. பக்கத்தில் இருந்த இரண்டும் இதோ இருக்கின்றன. உங்கள் மேசைமேல் வைத்துவிடுகிறேன்.

கீழே போகும்போது அந்தக் கைப்பிடியில் சாய்ந்துவிடாதீர்கள் மேடம். நல்லவேளை, நான் இருந்தேன்.