அஞ்சு நிமிஷம் கையை ஆட்டு

— கையை ஏன்டா மடியில கட்டி வச்சிருக்கே? விடு. வீட்டுல ஆட்டுவியே, அப்படி ஆட்டு.

— வெளியில ஆட்டக் கூடாதுன்னு நீதானே அக்கா சொன்னே. எனக்கு ஏழு வயசுலேர்ந்து.

— அது வேற, இன்னிக்கு வேற. உள்ளே இருக்கிற ஆபீசர் மேடம் பார்த்ததும், 'பாவம், இவனுக்கு ஒரு துணை வேணும்'னு நினைக்கணும். அப்பதான் என்னை உனக்குச் சட்டப்படி கார்டியனாப் போடுவாங்க.

— எனக்கு முப்பத்தொரு வயசு.

— சரிடா கிழவா. கேட்டதுக்கெல்லாம் பட்டு பட்டுன்னு பதில் சொல்லாதே. முகத்தைப் பார்த்துப் பேசாதே.

— முகத்தைப் பார்த்தா எனக்குப் பேச்சு காதுல ஏறாது. அப்பவும் தாடையைப் பிடிச்சுத் திருப்பி, பாரு பாருன்னே. பத்து வருஷம்.

— உன் நல்லதுக்குத்தான்.

— இன்னிக்கும் அதுக்குத்தானா?

— பின்னே? என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லாம, வேலைக்குப் பக்கத்துல தனி ரூம் எடுத்திருக்கே. அந்த மருந்துக் கிடங்குல ஒரு அலாரம் அடிச்சா, காதைப் பொத்திக்கிட்டு மேஜைக்கு அடியில போயிடுவே. யாருடா வந்து எழுப்புவா?

— ரெண்டு தடவை போனேன். ஸ்டோர்கீப்பர் விளக்கை அணைச்சு, கதவைச் சாத்திட்டுப் போனார். இருபது நிமிஷத்துல நானே எழுந்து வந்து லேபிள் பார்த்தேன். தேதி தப்பான பதினாலு பெட்டி பிடிச்சேன்.

— அந்தாளு நல்லவர். நாளைக்கே வேற ஆள் வருவான்.

— வரட்டும். எனக்கு ஆட்டிசம், இப்படி ஆனா விளக்கை அணைச்சாப் போதும்னு அவர்கிட்டயும் சொல்வேன்.

— சொன்னாக் கேட்டுடுவாங்களா? அன்னிக்குக் கடையில சத்தம் தாங்காம நீ தரையில உட்கார்ந்தப்போ, குடிச்சிருக்கான்னு போலீஸ்ல பிடிச்சுக் கொடுத்தாங்களே. ஸ்டேஷன் வாசல்ல நின்னது நான்டா.

— தெரியும் அக்கா. உனக்கு என்மேல பாசம். ஆனா மேடம் கையெழுத்துப் போட்டுட்டா, நான் எங்கே தூங்கணும், எங்கே வேலை செய்யணும்னு நீதான் சொல்வே. சாகிற வரைக்கும். நினைச்சாலே மூச்சு முட்டுது.

— எனக்கு மட்டும் முட்டலையா? பயந்து பயந்தே என் வயசு போச்சு. ஒரு ஊருக்குப் போனதில்ல, ஒரு நாள் நிம்மதியாத் தூங்கினதில்ல. சொன்னாக் கேளுடா. அஞ்சு நிமிஷம் ஆட்டு, போதும்.

— சந்தோஷம் வந்தா ஆட்டுவேன். பயம் வந்தாலும் ஆட்டுவேன். நடிக்க வராது.

— கதவு திறக்குது, கிளார்க் வர்றார். நீ வாயைத் திறக்காதே. சார், கார்டியன் மனு எங்களோடதுதான். இவனுக்குப் பேச வராது, எல்லாம் நானே சொல்லிடறேன்.

— பேச வராதா? போன செவ்வாய்க்கிழமை தனியா பஸ் பிடிச்சு வந்து, மேடம்கிட்ட ஒரு மணி நேரம் பேசிட்டுப் போனாரே. அவர் இங்கேயே இருக்கட்டும்மா. இன்னிக்குக் கூப்பிட்டது உங்களை விசாரிக்கத்தான்.