கேமராவுக்கு முன்னால ஒரு பொட்டு

"லாரி உண்மையைத்தான் சொல்லியிருக்கு மச்சா, நான்தான் நம்பல."

சந்தாபுரா போகிற பஸ்ஸில், எனக்கு முன் சீட்டில் இரண்டு மெக்கானிக்குகள். பேசியவர் மடியில் கிரீஸ் படிந்த லேப்டாப் பை.

"என்ன சொல்லுச்சு?"

"முன்னாடி கேமரா மறைஞ்சிருக்குன்னு. மூணு தடவை வந்தப்பவும் லேப்டாப்புல அதே எரர் கோடு. வயரிங் பார்த்தேன், கேமராவையே மாத்தினேன். நம்ம ஷெட்டுல இருக்கிறவரைக்கும் ஒண்ணும் இல்ல. ரோட்டுக்குப் போனா டேஷ்போர்டுல சிவப்பு லைட். ஓனர் எனக்கு வேலையே தெரியாதுங்கிறார்."

"அப்புறம்?"

"இன்னைக்கு டிரைவர்கூட நானே ஏறி உக்காந்தேன். கேட் தாண்டினதும் கோயில் முன்னாடி நிறுத்தினாரு. இறங்கிப் போய், முன் கண்ணாடில கேமராவுக்கு நேரா, இவ்ளோ பெரிய சந்தனப் பொட்டு!"

"நீ முன்னாடியே பார்க்கலையா?"

"எங்க பார்க்கிறது? நம்ம ஷெட்டுலதான் வாட்டர் வாஷ் பண்ணாம வண்டிய உள்ளயே விடமாட்டாங்களே!"

"துடைக்கச் சொல்ல வேண்டியதுதானே?"

"சொன்னேன். 'அடிக்கடி அந்த சிவப்பு லைட் எரியுதேன்னுதான் சார் பொட்டே வைக்கிறேன். துடைச்சப்புறம் எரிஞ்சா நீங்க பொறுப்பா?'ன்னு கேக்கிறாரு."