யாரும் நம்பாத நீலக் கோடு

மேடையில் அமர்ந்திருக்கும் மேயர் ஜோலின் ஹாஃப் அவர்களே, பல்கலைக்கழகத்திலிருந்து வந்திருக்கும் பேராசிரியப் பெருமக்களே, நாற்காலி கிடைக்காமல் கூடைப்பந்து வளையத்தின் கீழே நின்றுகொண்டிருக்கும் என் டன்லப் லேண்டிங் மக்களே! அனைவருக்கும் வணக்கம்.

நான் லாயிட் ப்ரூக்னர். இந்த ஊர் வெள்ள எச்சரிக்கை அலுவலகத்தில் பத்தொன்பது ஆண்டுகளாக இருப்பவன். பேராசிரியர் வெர்னா கிளாசன் அவர்களைப் பற்றிப் பேச என்னைவிடத் தகுதி குறைந்தவன் இந்த மண்டபத்தில் இல்லை. ஏன் என்பதைச் சொல்லாமல் இறங்க மாட்டேன்.

அம்மையார் எதைப் படித்தவர்? ஆற்றையா? இல்லை. ஆறு வரும் என்று தெரிந்தும் அசையாமல் உட்கார்ந்திருக்கிறானே மனிதன், அவன் மனத்தைப் படித்தவர்! ஆபத்தை நாம் எப்படி எடை போடுகிறோம், எப்படித் தப்பாகப் போடுகிறோம் என்பதே அவருடைய ஆராய்ச்சி. அதற்கு நம்மைவிட வாகான ஊர் அவருக்கு எங்கே கிடைத்திருக்கும்?

நான் வேலைக்குச் சேர்ந்த ஆண்டுதான் அவரும் இங்கே வந்தார். வந்த முதல் வாரமே மேவிஸ் காபிக் கடையில் ஆற்றங்கரைத் தெருக்காரர்கள் நாற்பது பேரிடம் கேட்டார்: "முப்பது வருஷத்துக்குள்ள பெரிய வெள்ளம் வருமா?" முப்பத்து நான்கு பேர் வரும் என்றீர்கள். "உங்க வீட்டுக்கு வருமா?" ஐந்தே பேர்! அம்மையார் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே கேட்டார்: "அப்ப மீதி இருபத்தொன்பது பேர் வீட்டுக்கு வரவேண்டிய தண்ணி எங்கதாங்க போகும்?" கடையே சிரித்தது. நானும் சிரித்தேன்.

வருடத்துக்கு நூறில் ஒரு பங்கு ஆபத்து என்று நான் அறிவிப்பு ஒட்டுவது வழக்கம். "ஏம்ப்பா லாயிட், இதைப் படிச்சு எவன் பயப்படுவான்? முப்பது வருஷம் அதே வீட்ல இருந்தா நாலுல ஒண்ணுன்னு எழுதுப்பா" என்றார். எழுதினேன். இதோ முன்வரிசையில் இருக்கிறாரே ஆர்வில் டீட்ஸ், அவர் அதைப் படித்துவிட்டு என்ன சொன்னார்? "அப்ப நாலுல மூணு நம்ம பக்கம்தானே, பேராசிரியரம்மா!" அம்மையார் தலையில் கை வைத்துக்கொண்டார்.

நம் தானியக் கிடங்குத் தூணைப் பற்றி உங்களுக்குச் சொல்ல வேண்டுமா? ஒவ்வொரு வெள்ளத்துக்கும் ஒரு கோடு, அதன் பக்கத்தில் தேதி. எல்லாவற்றுக்கும் மேலே தொண்ணூற்று மூன்றாம் ஆண்டு வெள்ளத்தின் கோடு. தண்ணீர் ஏறினால் நாம் வானொலியைக் கேட்பதில்லை. வண்டியை எடுத்துக்கொண்டு போய்த் தூணைப் பார்க்கிறோம். தொண்ணூற்று மூன்றைத் தொடவில்லையா, சரி என்று திரும்பி வந்துவிடுகிறோம்.

அறுபத்தெட்டு வயதில் ஏணி போட்டு ஏறி, அந்தக் கோட்டுக்கு ஐந்தடி மேலே ஒரு நீலக் கோடு போட்டார் அம்மையார். தேதி இல்லை. "இது எந்த வருஷத்து வெள்ளம்?" என்று கேட்டோம். "இன்னும் வராதது" என்றார். வீட்டு விலை இறங்கிவிடும் என்று யாரோ அதன்மேல் வெள்ளையடித்தார்கள். மறுபடி போட்டார். மறுபடி அடித்தார்கள். நான்கு முறை! ஐந்தாவது முறை போட்டதுதான் நின்றது. யார் என்று நான் கேட்கவில்லை. இன்று கேட்டும் பயனில்லை.

போன மாதம் அந்தச் செவ்வாய்க்கிழமை காலை ஏழு மணிக்கு எனக்குப் போன் செய்தார். "லாயிட், ஆத்து ஆபீஸ் கணிப்பு வந்துருச்சு. தொண்ணூத்து மூணைத் தாண்டுமாம். சைரனைப் போடு." நான் என்ன சொன்னேன்? "ஒரு நிமிஷம் இருங்கம்மா, தூணைப் பார்த்துட்டு வந்துடறேன்."

ஆம், நான்தான்! பத்தொன்பது ஆண்டுகள் அவர் பக்கத்தில் உட்கார்ந்தவன்! இரண்டு வருடத்துக்கு முன் சைரன் போட்டேன், தண்ணீர் வரவில்லை. ஓராண்டு முழுக்க "வாய்யா சைரன் லாயிட்" என்று என்னைக் கேலி செய்தீர்கள். அதுவே மனத்தில் நின்றது. அந்த நீலக் கோட்டுக்கு எதிரே மேட்டில் நின்றேன். தண்ணீர் பழைய கோட்டுக்கு இரண்டடி கீழே இருந்தது. பார்க்கலாம் என்று நின்றேன். நாற்பது நிமிடம் நின்றேன்.

அம்மையார் நிற்கவில்லை. பள்ளத்துச் சாலையில் இருந்த ஆர்வில் வீட்டுக்குப் போனார். ஆர்வில் என்னிடம் அழுதுகொண்டே சொன்னதை அவர் அனுமதியோடு சொல்கிறேன்.

"கோட்டை இன்னும் தொடலையேம்மா" என்றிருக்கிறார் இவர்.

"சரி, நீங்க இருங்க. நானும் இங்கயே உட்கார்ந்துக்கறேன்."

"உங்களுக்கென்ன பைத்தியமா? தண்ணி வந்தா நீங்க மாட்டிக்குவீங்க!"

"பார்த்தீங்களா? எனக்குன்னா வருது, உங்களுக்குன்னா வரலையா?"

அதன்பிறகுதான் எழுந்தார் ஆர்வில். நாயை ஏற்றிக்கொண்டு தன் பெரிய லாரியில் முன்னே போனார். பின்னால் அம்மையாரின் சின்னக் கார். என் சைரன் அப்போதுதான் ஒலித்தது. ஆர்வில் பாலத்தைத் தாண்டிவிட்டார். அம்மையார் தாண்டவில்லை. அந்த நாற்பது நிமிடம் அவருடையது, நான் எடுத்துக்கொண்டேன்.

இரங்கல் கூட்டம் என்றால் கடைசியில் உறுதி சொல்ல வேண்டும். சொல்கிறேன். நீலக் கோட்டை ஆண்டுதோறும் என் கையால் போடுவேன். இது சத்தியம். ஆனால் அதற்கு மேல் என்னால் ஒன்றும் சொல்ல முடியவில்லை.

ஏன் தெரியுமா? நேற்று தூணுக்குப் போனேன். வெள்ளம் பழைய கோட்டை மூன்றடி தாண்டி, நீலக் கோட்டுக்கு இரண்டடி கீழே நின்றிருக்கிறது. அந்த இடத்தில் யாரோ புதுக் கோடு செதுக்கித் தேதியும் போட்டுவிட்டார்கள். கீழே இரண்டு பேர் நின்று, "இதுக்கு மேல எங்க வரப்போகுது?" என்று பேசிக்கொண்டிருந்தார்கள். திட்ட வாயெடுத்தேன். திட்டவில்லை.

என் வண்டியின் பின்னால் புதுப் பலகைகள் கிடந்தன. ஆற்றங்கரைத் தெருவில், அதே இடத்தில், வெள்ளம் கொண்டுபோன என் வீட்டைத் திரும்பக் கட்டத்தான். அளந்து பார்த்துத்தான் கட்டுகிறேன், நண்பர்களே. புதுக் கோட்டுக்கு ஓரடி மேலே தரை வைத்திருக்கிறேன். நீலக் கோட்டுக்கு ஓரடி கீழே.