மலையை விட்டு இறங்கியவர்களுக்குக் காபி கொடுத்த அக்காவுக்கு

நிலையத்தின் விளக்கப் பிரிவில் இருபத்தெட்டு ஆண்டுகள் பணியாற்றி, இன்று பணி நிறைவு பெறும் எங்கள் அக்கா அவர்களுக்குத் தொலைபேசி அறை ஊழியர்கள் கண்கலங்கி அளிக்கும் மடல்

பொறுமையின் பொக்கிஷமே! பொய்த்துப்போன வாக்குகளுக்கெல்லாம் பொன்முலாம் பூசிய புலமையே! அழுதவர் அழைக்க, அழைத்தவர் அமைதியுற, அருகில் அமர்ந்து பேசுவதுபோல் அமைந்த அன்புக் குரலே! செந்நாவின் செல்வியே!

வணங்கி மகிழ்கிறோம் என்று அடுத்த வரியில் எழுதுவது வழக்கம். வணங்குகிறோம். மகிழத்தான் முடியவில்லை. மேற்கண்ட அடைமொழிகளில் கடைசியானது, சென்ற ஆண்டு ஓய்வுபெற்ற தோட்டக்காரர் ஐயாவுக்காகக் கணக்கர் அண்ணன் உருவாக்கியது. அந்த ஐயா இங்கே வேலை பார்த்த காலமெல்லாம் செடிகளிடம்கூடப் பேசியதில்லை. ஆனாலும் ‘செந்நாவின் செல்வரே’ என்று மேடையில் முழங்கினோம். அவர் யாரையோ சொல்கிறார்கள் என்று திரும்பிப் பார்த்தார். அடைமொழி இப்போதுதான் உரிய இடம் வந்து சேர்ந்திருக்கிறது.

பட்டுத் திரையும் பளிங்குத் தரையும் பளபளக்கும் பேரரங்கில் நடந்திருக்க வேண்டிய விழா, மின்விசிறி முனகும் இந்த அறையில், ஒரு தட்டு பிஸ்கட்டோடு நடக்கிறதே என்று வியப்பவர்களுக்குக் காரணம் சொல்லிவிடுகிறோம். பணி நிறைவு பெறுவோர் தலையில், வருவதுரைக்கும் நம் பெரியவர் கைவைத்து, அவர்களுடைய எஞ்சிய வாழ்வு எப்படி அமையும் என்று வாக்குரைப்பது இந்நிலையத்தின் மரபு. தாங்களோ மேலாளர் அறைக்குப் போய், நின்றபடியே பேசினீர்கள்.

“ஹால் வேண்டாம் சார். அவர் ஏதாவது சொல்லிடுவார்.”

“சொன்னா நல்லதுதானேம்மா?”

“சொன்னா நான் நம்பிடுவேன் சார். அதான் பயமா இருக்கு.”

எதற்கும் சுற்றறிக்கை எடுத்து நீட்டும் மேலாளர் அன்று எதையும் எடுக்கவில்லை. அறைச் சாவியைத்தான் எடுத்துக் கொடுத்தார்.

நேற்று தேநீர் வேளையில் தங்கள் மேசை இழுப்பறையைக் காலி செய்துகொண்டே இன்னொன்றும் சொன்னீர்கள்: “வேலை போறது ஒண்ணும் இல்லடா. வீட்ல ஃபோன் அடிக்காது. அதுதான் ஒரு மாதிரி இருக்கு.” எங்களைப் பார்க்காமல் சொன்னீர்கள். நாங்கள் கேட்டுவிட்டோம். இம்மடல் முழுவதும் அந்த ஒரு வாக்கியத்துக்கு எழுதிய பதில் என்று கொண்டாலும் தவறில்லை.

அன்பிற்குரிய அக்கா!

சட்டமிட்ட இம்மடலைப் பின்னாளில் படிக்க நேரும் விருந்தினர்க்காக நம் தொழிலைச் சற்றே விளக்குகிறோம். விடியற்காலையில் பெரியவர் வானொலியில் வருவதுரைப்பார். இன்னாருக்கு வேலை கிடைக்கும், இன்னார் மகள் வீடு திரும்புவாள் என்பார். நடந்தால் மக்கள் அரங்கத்துக்கு வருவார்கள், மாலையோடு. நடக்காவிட்டால் நம் அறைக்கு ஃபோன் செய்வார்கள். மாலை இந்தப் பக்கம் வந்ததே கிடையாது.

புதிதாகச் சேர்ந்த எங்களுக்கு ஹெட்போன் மாட்டக் கற்றுத் தருவதற்கு முன்பே தாங்கள் வரலாறு கற்றுத் தந்தீர்கள். பாறைப் பிளவில் எழுந்த புகைக்கு நடுவே அமர்ந்து பிதற்றிய பெண்களைப் பற்றியும், அவர்கள் பிதற்றலைப் பாட்டாக்கித் தந்த பூசாரிகளைப் பற்றியும் சொன்னீர்கள். ஆட்டின் ஈரலைத் தட்டில் வைத்துப் போருக்கு நாள் குறித்த பண்டிதர்களைச் சொன்னீர்கள். ‘பேரரசு ஒன்று அழியும்’ என்று கேட்டுப் படையெடுத்து, அழியப்போவது தன்னுடையதுதான் என்று தெரியாமல் போன மன்னனைச் சொன்னபோது, “பாத்தீங்களா, வாக்கு பலிச்சிருச்சு. ஆளைத்தான் காணோம்” என்று தாங்கள் சிரித்த சிரிப்பில் தேநீர் சிந்தியது.

“தீர்க்கதரிசி சொல்றது ஒரு வரிதான். மறுநாள் காலையில நாலு பேர் உக்காந்து அதுக்கு அர்த்தம் சொல்றாங்க பாரு, அங்கதான் மதம் ஆரம்பிக்குது. நம்ம வேலை அந்த மறுநாள்” என்றீர்கள். மன்னன் முகத்துக்கு நேரே ‘நீ செய்வது அநியாயம்’ என்று சொல்லிவிட்டுப் பாழுங்கிணற்றில் கிடந்த தீர்க்கதரிசிகளையும் தாங்கள் விடவில்லை: “அவங்க நாளைக்கு நடக்கறதைச் சொல்லல, இன்னிக்கு நடக்கறதைச் சொன்னாங்க. அவங்களுக்கு விளக்கப் பிரிவே தேவைப்படல. அவங்களை அடிக்கக் கல்லுதான் தேவைப்பட்டுச்சு.”

எல்லாவற்றிலும் தங்களுக்குப் பிடித்தது அந்த மலைக் கதை. உலகம் இன்றிரவு முடியும் என்று நம்பி, நிலத்தைக் கொடுத்துவிட்டு, கடைக்குப் பூட்டுக்கூடப் போடாமல், பிள்ளைகளைத் தோளில் சுமந்துகொண்டு மலையேறிய கூட்டம். விடிந்தது. உலகம் அப்படியே இருந்தது. அவர்களில் பலர் முன்னைவிட உறுதியாக நம்பினார்கள் என்றும், கணக்கில்தான் பிழை என்றார்கள் என்றும் தாங்கள் சொல்லிவிட்டுக் கேட்பீர்கள்: “அதெல்லாம் எழுதி வெச்சிருக்காங்க. அன்னிக்குக் காலையில மலைய விட்டு இறங்கி வந்தவங்களுக்கு யாரு காபி போட்டுக் குடுத்தாங்க? அதை எவனும் எழுதல.”

நாங்கள் அதை ஒரு வேடிக்கைக் கேள்வி என்றுதான் நினைத்திருந்தோம்.

விளக்கக் கலையின் வித்தகியே! தங்கள் கைவண்ணத்தில் உருவான பதில்கள் அட்டைகளாகி எங்கள் மேசைதோறும் இருக்கின்றன. காலம் இன்னும் கனியவில்லை என்பது முதல் அட்டை. நடந்துவிட்டது, கண்ணுக்குத்தான் தெரியவில்லை என்பது இன்னொன்று. உங்கள் நம்பிக்கையில் ஓட்டை என்றொரு அட்டை மேலிடத்திலிருந்து வந்தது. அதைத் தாங்கள் நாற்காலியின் ஆட்டத்தை நிறுத்தக் காலுக்கடியில் மடித்து வைத்தீர்கள். இன்றும் அங்கேயே இருக்கிறது.

தங்கள் துணைவர், எங்கள் மாமா, லாரி மெக்கானிக். சாமி என்றால் எட்டடி தள்ளி நிற்பவர். சாப்பாட்டுக் கேரியரை மறந்துவிட்டு வருவது தங்கள் வழக்கம். அதைக் கிரீஸ் கையோடு கொண்டு வந்து கொடுப்பது அவர் வழக்கம். கதவைத் திறந்ததும், “என்ன, சப்பைக்கட்டு டிபார்ட்மென்ட், இன்னிக்கு வியாபாரம் எப்படி?” என்பார். “சும்மா இருங்க, லைன்ல ஆள் இருக்காங்க” என்று வாயைப் பொத்திக்கொண்டு சிரிப்பீர்கள். இந்த அறையில் ஹோல்டில் ஓடும் பாட்டைவிட நாங்கள் அதிகம் கேட்டது அந்தச் சிரிப்பைத்தான்.

மாமா முதுகுத்தண்டில் கட்டி வந்து படுக்கையில் விழுந்த ஆண்டில், பேரரங்கம் நிறைந்த கூட்டத்தில் பெரியவர் தங்களை எழுப்பி நிறுத்தினார். “உன் வீட்டுக்காரன் இந்த மழைக்காலம் முடியறதுக்குள்ள எழுந்து நடப்பான்” என்றார். அரங்கம் கைதட்டியது. பாறைப் பிளவு முதல் ஈரல் தட்டுவரை படித்தறிந்த தாங்கள் அழுதபடி கைகூப்பினீர்கள். எங்களுக்கும் நம்பிக்கை வந்தது. வரலாறு தெரிந்தவருக்கே வரும்போது எங்களுக்கென்ன?

வீட்டில் போய்ச் சொன்னதும் மாமா சிரிக்கவில்லை. “நடக்கப்போறவனுக்குச் செருப்பு வேணுமில்ல? பழசு வார் பிஞ்சு கிடக்கு. நல்லதா ஒண்ணு வாங்கிட்டு வா” என்றார். அன்று மாலையே வாங்கினீர்கள். பார்க்கப் போயிருந்த மைக்செட் (உரத்த குரலுக்காகத் தாங்களே அப்பெயர் சூட்டிய எங்கள் சக ஊழியர்) இதைப் பின்னர் எங்களிடம் சொன்னார். தாங்கள் அடுக்களைக்குப் போனதும் மாமா அவரை அருகே கூப்பிட்டிருக்கிறார். “அவ முகத்தைப் பாத்தியா? இதுக்காகவாவது எழுந்து நடந்துரணும்டா.” இத்தனை நாள் தங்களிடம் சொல்ல மைக்செட்டுக்குக் குரல் வரவில்லை. ஆகவே மடலில் எழுதுகிறோம்.

அந்த ஆண்டு மழை நீண்டது. மாமாதான் முந்திக்கொண்டார்.

பெரியவர் அலுவலகத்திலிருந்து தங்களுக்கு இரங்கல் அட்டை வந்தது. ‘நம் கண்களுக்குப் புலப்படாத மேலான உலகில் அவர் எழுந்து நடக்கிறார், வாக்கு நிறைவேறியது’ என்று தங்க எழுத்தில் அச்சிட்டிருந்தது. அனுப்பச் சொன்னது மேலாளர். வாசகத்தைக் கோப்பிலிருந்து பார்த்து எழுதியது கணக்கர் அண்ணன். அந்த வாசகத்தை எங்கள் பயிற்சிக்காக எழுதித் தந்தது யாரென்பது உறையை ஒட்டி அனுப்பும்வரை எங்களில் ஒருவருக்கும் நினைவில்லை. எங்கள் பணித்திறனுக்கு வேறு சான்று வேண்டியதில்லை.

மறுநாள் மதியம் ஃபோன் அடித்தது. மைக்செட் எடுத்தார்.

“எங்க வீட்டுக்காரர் எழுந்து நடப்பார்னு சொன்னாங்க. நடக்கல. ஏன்னு சொல்லுங்க.”

பழக்கம் பொல்லாதது. “அம்மா, நம்ம கண்ணுக்குத் தெரியாத மேலான...” என்று தொடங்கியவர் பாதியில் நின்றார். “அக்கா?”

“அது வேண்டாம்டா. அது நான் எழுதினது.”

அறையிலிருந்த மற்ற ஃபோன்கள் அடித்துக்கொண்டிருந்தன. யாரும் எடுக்கவில்லை.

“வேற ஏதாவது இருக்கா?”

“இல்லக்கா.”

“அப்போ வெச்சிடாத. லைன்லயே இரு.”

மைக்செட் ஹோல்டில் போடவில்லை. ஒன்றும் பேசவும் இல்லை. அன்றுதான் அவர் மெதுவாக மூச்சு விட்டு நாங்கள் பார்த்தோம். வெயில் இறங்கி, விளக்குப் போட்டு, துப்புரவுப் பணியாளர் அம்மா பெருக்க வந்து, எங்களைப் பார்த்துவிட்டு விளக்குமாற்றை ஓரமாகச் சாத்தி உட்காரும்வரை அந்த லைன் திறந்தே இருந்தது.

பணிக்குத் திரும்பிய தாங்கள் அட்டைகளைத் தொடவில்லை. “எனக்கும் தெரியலைம்மா. ஆனா நான் லைன்ல இருக்கேன்” என்பதே அதன்பின் தங்கள் விளக்கம். மேலாளர் கூப்பிட்டனுப்பினார்.

“விளக்கப் பிரிவுல உக்காந்துக்கிட்டுத் தெரியலைன்னா எப்படிம்மா?”

“தெரிஞ்ச மாதிரி இத்தனை வருஷம் சொன்னேனே சார், அப்ப ஒருத்தரும் கேக்கல.”

நடவடிக்கை எடுக்க ஆயத்தமானவர், அழைப்பவர்கள் பலரும் “அந்தத் தெரியலைன்னு சொல்ற அம்மா இருக்காங்களா?” என்று கேட்டுக் காத்திருப்பதைக் கண்டு பின்வாங்கினார். இன்னும் நம்புகிறீர்களா என்று மைக்செட் ஒருமுறை தங்களைக் கேட்டார். “நம்பாம இருக்கத் தெரியலடா. தேதி கேக்கறதை விட்டுட்டேன்” என்றீர்கள். பெரிய புத்தகங்கள் சுற்றிச் சுற்றி வருவதைத் தாங்கள் தேநீர்க் கோப்பையைக் கழுவிக்கொண்டே சொல்லி முடித்தீர்கள்.

ஈடிலாத எங்கள் அக்கா!

நூறாண்டு நோயின்றி வாழ்வீர்கள் என்று இவ்விடத்தில் எழுத வேண்டும். கணக்கர் அண்ணன் எழுதியும் விட்டார், அந்த வரியை அடித்தோம். தங்களுக்கு என்ன நேரும் என்று எங்களுக்குத் தெரியாது. அந்தப் புதுச் செருப்பு இன்னும் தங்கள் வாசலில் இருக்கிறது என்று தெரியும். நாளைக் காலையில் அதைத் தாண்டித்தான் பால் எடுக்க வருவீர்கள் என்றும் தெரியும். அந்த வேளையில் ஃபோன் அடிக்கும்.

நாளை கணக்கர் அண்ணன். சுருக்கமாக முடித்துவிடுவார்; மனத்தில் வைக்க வேண்டாம். மறுநாள் மைக்செட், ரிசீவரைக் காதுக்குத் தள்ளிப் பிடிக்கவும். துப்புரவுப் பணியாளர் அம்மாவும் ஒரு நாள் கேட்டு வாங்கியிருக்கிறார். ஞாயிற்றுக்கிழமையை யாரும் எடுக்காததால் மேலாளர் தலையில் கட்டினோம். “நான் என்னப்பா பேசறது?” என்று நேற்றிலிருந்து கேட்டுக்கொண்டிருக்கிறார். “தெரியலைன்னு சொல்லுங்க சார். லைன்ல இருங்க. போதும்” என்றோம்.

இதை வாக்கென்று நினைத்துவிட வேண்டாம். ட்யூட்டி அட்டவணை, அவ்வளவே. ஒரு நாள் தவறினால் காலம் கனியவில்லை என்றெல்லாம் சொல்ல மாட்டோம். தாங்களே கூப்பிட்டுத் திட்டலாம்.

இம்மடலைக் கூடத்தில் மாட்ட வேண்டாம். ஃபோனுக்கு மேலே மாட்டுங்கள். காபியைப் போட்டு வைத்துக்கொண்டு உட்காருங்கள். அதை இங்கிருந்து கொடுக்க எங்களால் முடியவில்லை.

என்றும் தங்கள் லைனில் இருக்கும்,
தொலைபேசி அறையினர்

(மேலாளரும் கேட்டுக்கொண்டதால் அவர் கையெழுத்தும் ஓரத்தில் உள்ளது.)