முப்பது சதவீதத் தள்ளுபடி

இல்லக்கா, நீங்க சாப்பிடுங்க. எனக்கு வேண்டாம். காலைலருந்தே ஒண்ணும் சாப்பிடப் பிடிக்கல. காய்ச்சல்லாம் இல்ல. கை சில்லுன்னு இருக்கேன்னு பாக்கியளா, அது ஜன்னல் காத்து.

மதுரைக்குத்தான். ஆமா, தனியாத்தான் போறேன். எங்க வீட்டுக்காரவுக வேற பக்கம் போயிருக்காக. விசேசம்லாம் ஒண்ணுமில்ல, ஒரு வேலை. நீங்களும் மதுர வரைக்கும் வாரது நல்லதாப் போச்சு. பேச ஒரு ஆளு இருந்தாப் போதும் எனக்கு.

நான் ஒண்ணு கேக்கட்டா? தப்பா நெனைக்காதிய. கடையநல்லூர் தாண்டுனதுலேருந்து ஒங்க மககிட்ட போன்ல பேசிட்டு வாரேன்னு சொன்னியள்லா, பேரனுக்கு ஏதோ வீடியோ கேமு, இன்னும் வெளிய வரலையாம், இப்பவே பணம் கட்டுனா பாதிக்குப் பாதி கொறச்சுத் தாரானாம்னு. கட்டிட்டாளா? இன்னைக்குச் சாயங்காலம் கட்டுதாளா? வேண்டாம்க்கா. இப்பவே போன் போட்டுச் சொல்லிருங்க, கட்ட வேண்டாம்னு. எனக்கு எப்படித் தெரியும்னா? பத்து வருசமா எனக்கு அதுதான பொழப்பு.

சங்கரன்கோவில்ல ராஜபாளையம் ரோட்டுல ஜவுளிக்கடைக்கு மேல மாடியில ஒரு கடை, சபரி கேம்ஸ்னு. என் தம்பி கடை. சபரிநாதன். என்னைவிட ஒம்பது வயசு எளையவன். அம்மா போன பொறவு நான்தான் குளிப்பாட்டி, தல சீவி, பள்ளிக்கூடத்துக்கு அனுப்பி வளத்தது. எம் பேரு மீனலோசினி. கல்லாவுல நான் இருப்பேன், சரக்கு, ரிப்பேரு எல்லாம் அவன். எனக்கு இந்தக் கேமுல ஒண்ணுகூட வெளையாடத் தெரியாது. ஆனா எந்தக் கேமு எந்த மாசம் வருது, முன்னாடி புக் பண்ணுனா எவ்வளவு கொறையும், அதெல்லாம் தூக்கத்துல எழுப்பிக் கேட்டாலும் சொல்லுவேன்.

கடை தொறந்த புதுசுல நல்ல காலம்க்கா அது. ஒரு கேமு ஐப்பசில வருதுன்னா ஆடிலயே கம்பெனிக்காரன் எங்களக் கூப்பிடுவான். எத்தன பேரு வாங்குவாங்கன்னு கணக்குத் தெரிஞ்சாத்தான அவன் அத்தன டிஸ்க் போட முடியும். அதனால முன்னாடியே பேரு குடுக்கவனுக்கு ஐநூறு ரூவா கொறைப்பான். போஸ்டர் தருவான், பனியன் தருவான், கீ செயினு தருவான். பயலுவ அந்தப் பனியனப் போட்டுக்கிட்டுத் தெப்பக்குளத்துப் பக்கம் அலைவானுவ. கேமு வார அன்னைக்குப் பனவடலிசத்திரத்துக்குக்கூட சபரி பைக்குல கொண்டு போயிக் குடுத்துட்டு வருவான். ஒரு ஆளுக்காக. பெட்ரோல் காசுகூடத் தேறாது, நான் ஏசுவேன். அக்கா, அவன் மூணு மாசமாக் காத்துக்கிட்டிருக்கான்க்கா, நாளைக்குக் குடுத்தா அது வேற மாதிரி ஆயிரும்க்கா அப்படிம்பான்.

அப்புறம் ஆன்லைன்காரன் வந்தான். அவன் இருவது சதவீதம் கொறைச்சான், பேங்க் கார்டுன்னா இன்னும் பத்து. டீலரு எங்களுக்குத் தார வெலைய விடக் கம்மிக்கு அவன் ஜனங்களுக்கு விக்கான். எங்களுக்கு வேற வழி? நாங்களும் எங்க லாபத்த விட்டுக் குடுத்து விப்போம். ஒரு டிஸ்க்குக்கு நாப்பது ரூவா நின்னாப் பெரிய விசயம். ஆனாலும் ஆளு வந்தாங்க. கடைன்னா கூட்டம் இருக்கணும்லா.

யாரு அது? அந்தப் பக்கம் போறது... காக்கிச் சட்டையா? ரயில்வே ஆளா? சரி, சரி. ஒண்ணுமில்ல. நான் வேற என்னமோ நெனச்சுட்டேன். இது எந்த ஸ்டேஷன், ராஜபாளையமா? இன்னும் எவ்வளவு நேரம் இருக்கு மதுரைக்கு? ரெண்டு மணி நேரமா. வெரசாப் போயிரும் போல இருக்கு.

என்ன சொல்லிட்டிருந்தேன்? ஆங், தள்ளுபடி. கொரோனாவுக்குப் பொறவு எல்லாம் மாறிப்போச்சு. ஆன்லைன்காரன் எங்களையெல்லாம் ஒழிச்சாச்சுல்லா, இனி அவன் எதுக்குக் கொறைக்கணும்? இருவது பத்தாச்சு. பத்து அஞ்சாச்சு. அப்புறம் நூறு ரூவா கூப்பன், அடுத்த தடவ வாங்கும்போது கழிச்சுக்கிடலாம்னு. கடைசில அதுவும் இல்ல. மூவாயிரத்துச் சொச்சம் இருந்த கேமு அஞ்சாயிரத்துக்கு வந்துட்டு. டிஸ்க்கும் இல்லக்கா இப்ப. பெட்டிய ஒடச்சா உள்ள ஒரு காகிதம், அதுல நம்பர். டி.வி.யில மாட்டுத கேமு மிஷின்ல அத அடிச்சா கேமு எறங்கிரும். மிஷின்லயே நேரா வாங்கிக்கிடலாம்ங்கும்போது கடைக்கு ஒருத்தன் எதுக்கு மாடியேறி வரணும்?

இதுல கொடும என்னன்னா, முன்னெல்லாம் முன்னாடி பணம் கட்டுனவனுக்குக் கொறைச்சாங்க. இப்ப முன்னாடி கட்டுனா ரெண்டாயிரம் கூட. கூடக் குடுத்தா மூணு நாளு முன்னாடி வெளையாடலாமாம்! பொறுமையா ரெண்டு மாசம் கழிச்சு வாங்குனா அதே கேமு பாதி வெலை. நம்பி முன்னாடி வந்தவன்தான் ஏமாளி. சபரி இத அடிக்கடி சொல்லிச் சிரிப்பான். அக்கா, இந்த யாவாரம் முடிஞ்சுபோச்சுக்கா, நாம ரிப்பேரு மட்டும் பாப்போம், செல்போன் சர்வீஸும் சேத்துக்கிடுவோம்னு ரெண்டு வருசமாச் சொல்லிட்டிருந்தான்.

நான்தான் கேக்கல. கல்லாவுல ஒக்காந்து ஒக்காந்து கூட்டம் பாத்துப் பழகிட்டேன்க்கா. வெறுங்கடையப் பாத்தா எனக்குப் பயம் வந்துரும். அம்மா செத்த வீடு மாதிரி இருக்கும்.

இந்த வருசம் சித்திரையில ஒருத்தன் போன் போட்டான். அருண்பாண்டியன்னு பேரு சொன்னான், அதுதான் பேரான்னு யாருக்குத் தெரியும். கோயம்புத்தூர்ல பெரிய டீலராம். பழைய மாதிரி முன்பதிவுக்கு முப்பது சதவீதம் கொறச்சுத் தாரேன், ஆனா முழுப்பணமும் முன்னாடியே கட்டணும், அம்பது பேருக்கு மேல சேக்கணும்னான். இல்லக்கா, எடுத்த எடுப்புல ஏமாறல. மொதல்ல நாலு கேமு வாங்கிப் பாத்தோம், சொன்ன தேதிக்கு வந்துச்சு. அப்புறம் பத்து. அதுவும் வந்துச்சு. ஒரு பெட்டிகூட நசுங்கல. அப்படித்தான் பழக்குதானுவ, புரியுதா? ஒங்க மககிட்ட இதச் சொல்லுங்க. ஒரு தடவ ஒழுங்கா வந்துச்சுன்னு நம்பாதன்னு சொல்லுங்க.

எங்க ஊருக் கோயில் திருவிழா, ஆடித்தபசு வந்துச்சு. ஊரெல்லாம் சனம். கடை வாசல்ல ஒரு போர்டு வச்சோம். தபசு சிறப்புத் தள்ளுபடி, முன்பதிவுக்கு முப்பது சதவீதம்னு. பெரிய கேமு ஒண்ணு வரப்போவுது, அஞ்சாறு வருசமா பயலுவ எதிர்பாத்தது. எழுவத்தோரு பேரு கட்டுனாங்க. எழுவத்தொண்ணு! படியில எறங்க எடமில்ல அன்னைக்கு. விசைத்தறியில நிக்கவரு சிஹாபுதீன்னு ஒருத்தரு, மூணு வாரக் கூலியச் சேத்துக் கொண்டாந்தாரு. மவன் பத்தாவதுல நல்ல மார்க் எடுத்திருக்கான், கேட்டது இது ஒண்ணுதான்னாரு. நான்தான் ரசீது எழுதிக் குடுத்தேன்.

நீங்க நெனச்சது சரிதான். வரல.

கேமு வார நாளு ஒம்பது மணிக்கெல்லாம் கீழ ஆளு நிக்கி. அருண்பாண்டியன் போனு மொதநாளு மத்தியானமே அணைஞ்சிட்டு. சபரி பதினோரு மணி வரைக்கும் கூரியர் வண்டி லேட்டுன்னு சொன்னான். மத்த எல்லாப் பயலுவளும் மிஷின்ல எறக்கி வெளையாட ஆரம்பிச்சாச்சு, எங்களை நம்புனவன் மட்டும் படியில நிக்கான். பன்னெண்டு மணிக்கு சபரியே நடுவுல வந்து நின்னு சொல்லிட்டான். நாம ஏமாந்துட்டோம்ண்ணே, டீலரு ஓடிட்டான், ஒங்க பணத்த நான் கொஞ்சங்கொஞ்சமாத் திருப்பித் தந்துருவேன்னு.

அடிக்கல்லாம் இல்லக்கா. யாரும் கை வைக்கல. அடிச்சிருந்தாக்கூடத் தேவலைன்னு இருக்கு. ஒருத்தன் சபரி கையப் பிடிச்சு ஸ்டூல்ல ஒக்கார வச்சான். இன்னொருத்தன் வீடியோ எடுக்கான். இந்தத் திருட்டுப் பயலப் பாத்துக்கிடுங்க, சங்கரன்கோவில் சனங்களே, இவன்தான் போர்டு வச்சு ஊர ஏமாத்துனவன்னு பேசிக்கிட்டே எடுக்கான். மூஞ்சிக்கு நேரா. ஏலே, போர்டு வச்சது யாரு, ஒன் வாயால சொல்லுன்னு கேக்கான்.

அக்கா, அந்தப் போர்ட எழுதுனது நான்.

எல்லாமே நான்தான். அருண்பாண்டியன்கிட்ட பேசுனது நான். சபரி வேண்டாம்னுதான் சொன்னான். இப்பல்லாம் யாரும் இப்படிக் கொறைக்கதில்லக்கா, கம்பெனிக்காரனே கொறைக்காதத இவன் எங்கருந்து கொறைப்பான், எங்கயோ இடிக்கின்னு தலப்பாடா அடிச்சுக்கிட்டான். நீ பயந்தாங்கொள்ளிலே, ஒன்ன நம்புனா கடையில கரப்பான்தான் ஓடும்னு அவன் வாய அடைச்சது நான். முப்பதுன்னு சுண்ணாம்பால எழுதுன மாதிரி வெள்ளையாப் பெரிசா எழுதி, ஓரத்துல பூவெல்லாம் போட்டு, நான் எழுதுனது அது.

அவன் எம்பக்கம் திரும்பிக்கூடப் பாக்கல. கேமராவப் பாத்து, நான்தாண்ணே வச்சேன், எங்கக்காவுக்கு ஒண்ணும் தெரியாது, அவளப் போகச் சொல்லுங்கன்னான்.

நான் வாயத் தொறக்கல. கல்லாப்பெட்டியக் கெட்டியாப் பிடிச்சுக்கிட்டு நின்னேன். சுத்தி அத்தன ஆம்பளையளு. சொல்லணும்னுதான் நெனச்சேன். இந்தா சொல்லுதேன், இந்தா சொல்லுதேன்னு நிக்கேன், வீடியோ முடிஞ்சிட்டு. வழி விடுங்கன்னு ஒருத்தர் என்ன எறக்கி விட்டாரு. நானும் எறங்கி வந்துட்டேன்க்கா. அவன அங்கனயே விட்டுட்டு வீட்டுக்கு வந்துட்டேன்.

சிஹாபுதீன் மட்டும் சாயங்காலம் வீட்டுக்கு வந்தாரு. ஏச வந்திருக்காருன்னு நெனச்சுக் கதவத் தொறக்கவே பயந்தேன். அவரு வாசல்ல நின்னே, அந்த வீடியோவ அழிக்கச் சொல்லிருக்கேன்மா, தம்பியத் தனியா விடாதிய, முகம் சரியில்லன்னு சொல்லிட்டுப் போனாரு. மத்தியானம் வந்து கதவச் சாத்துனவன்தான், நான் அவன் ரூமத் தொறந்து பாக்கேன், ஆளு இல்ல. பைக்க ரயில்வே ஸ்டேஷன்ல விட்டுட்டு, சாவிய வண்டியிலயே வச்சுட்டுப் போயிருக்கான்.

இன்னைக்கு நாலாவது நாளு. எங்க வீட்டுக்காரவுக திருச்செந்தூர் பக்கம் தேடிட்டிருக்காக. அதான் தனியா வாரேன்.

விருதுநகரு தாண்டிட்டா? எப்பத் தாண்டுச்சு?

இன்னைக்கு விடியக்காலைல மதுரைலேருந்து ஒரு போலீஸ்காரரு பேசுனாரு. பெரியாஸ்பத்திரியில ஒரு ஆளு இருக்காரு, பையில சபரி கேம்ஸ்னு ரசீதுப் புக்கு இருக்கு, அதுல இந்த நம்பர் இருக்கு, வந்து அடையாளம் காட்டணும்னாரு. ஆளு இருக்காருன்னா எப்படி இருக்காரு? ஒரு வார்த்த கேக்கணும்லா? கேக்கப் பயந்து போன வச்சுட்டேன்க்கா. வச்ச பொறவு அவரு ஒரு போட்டோ அனுப்பிருக்காரு. அது வந்து ஆறு மணி நேரமாச்சு. நான் இன்னும் தொறக்கல. இத்தன நேரம் ஒங்ககிட்ட டிஸ்க்கு, கூப்பன்னு பேசிட்டு வந்ததெல்லாம் வேற எதுக்கு?

இந்தாங்க. போனுல மேல இருக்கதுதான், தொட்டாத் தொறந்துரும். நீங்க பாருங்க. எனக்குக் காட்ட வேண்டாம். கண்ணு தொறந்திருக்கா, மூடியிருக்கா, அத மட்டும் சொல்லுங்க.

என்னக்கா, போன இன்னும் கிட்ட வச்சுப் பாக்கிய? சொல்லுங்கக்கா.

தொறந்திருக்கா? நல்லாப் பாத்துச் சொல்லுங்க, சும்மா எனக்காகச் சொல்லாதிய. கையில ட்ரிப்ஸு ஏறுதா? காலுல கட்டா?

குடுங்க. குடுங்கக்கா இங்க.

அவன்தான். எந் தம்பிதான்க்கா. பாருங்க, படம் எடுக்கவன எப்படி மொறைக்கான்னு.