மூன்றாம் தரம்

வெள்ளவத்தையில் ரயிலேறி எனக்கு எதிரில் இருந்த இரண்டு பெண்களில் ஒருத்தி, "மூண்டாம் தரம்தான் என்ட மனுசனை உடைச்சனான்," என்றாள். நான் நிமிர்ந்து பார்த்தேன்.

"சிலையைத்தானே?" என்று தோழி கேட்டாள்.

"ஓம். அவர் மோசம் போய், செத்தவீடெல்லாம் முடிஞ்ச பிறகு, அவரோட படிச்ச சிற்பி ஒருத்தர் களிமண்ணில செய்தவர். குறும்படத்தில நான் அதைச் சுத்தி ஆடி, கடைசியில தள்ளி விழுத்த வேணும். ரெண்டு தரமும் கிட்டப் போய்க் கட்டிப் பிடிச்சுக்கொண்டு நிண்டிட்டன். ஈர மண்ணெல்லே, முகம் நசிஞ்சு போச்சு. பாவம், அந்தச் சிற்பி திரும்பத் திரும்பச் செய்தவர்."

"பிறகு எப்பிடித் தள்ளினனீ?"

"கண்ணை மூடிக்கொண்டு ஆடினன். கை பட்டதும் தள்ளிட்டன்."

"அவரின்ட அம்மா படம் பார்த்தவவோ?"

"நேற்று வீட்டில போட்டுக் காட்டினனான். முடிஞ்சதும் இன்னொருக்காப் போடச் சொன்னா. நான் தள்ளப் போற இடம் வந்ததும், 'இதோட நிப்பாட்டு பிள்ளை' எண்டா."

"நிப்பாட்டினனீயோ?"

"ஓம். ரெண்டு பேருமா அவரைப் பார்த்துக்கொண்டு இருந்தனாங்கள்."