சுவருக்கு ஊத்தை பூசும் மகள்

பிராங்பேர்ட் எஸ்-பான் ரயிலில் எனக்கு எதிரே இரண்டு தமிழ்ப் பெண்கள் இருந்தார்கள். விமான நிலையத்தில் துப்புரவு வேலை முடிந்து வருகிறார்கள் என்பது போட்டிருந்த வேலைச் சட்டையில் தெரிந்தது. மூத்தவர் சொன்ன ஒரு வசனத்தில் நான் கைத்தொலைபேசியை அணைத்துவிட்டேன்.

“ஐஞ்சு வருஷம் படிச்சுப்போட்டு என்ர மகள் சுவருக்கு ஊத்தை பூசுறாள்.”

“என்னக்கா, படத்துக்கு வீடு, அறையெல்லாம் வடிவமைக்கிற பெரிய வேலை எண்டெல்லோ சொன்னனீங்கள்?”

“பெரிய வேலை! புதுப் பலகையில சுவர் அடிச்சு, வெள்ளை பூசி, அதுக்கு மேல பூஞ்சணம் பிடிச்ச மாதிரிக் கீறுறாள். கறை வரவேணுமெண்டு மூண்டு நாள் தேத்தண்ணி ஊத்தினவளாம். நாங்கள் ஊத்தை துடைச்சுச் சீவிக்கிறம். அவள் பூசிச் சீவிக்கிறாள்.”

இளையவர் சிரித்தார். “அப்பிடி என்ன படமாம்?”

“அகதி முகாம் படம். போன கிழமை பெத்த தாய்க்கு டொக்டர் மாதிரி நாள், நேரம் குறிச்சு டெர்மின் தந்து கூட்டிக்கொண்டு போய்க் காட்டினவள். ரெண்டடுக்குக் கட்டில், ஒரு சின்ன அடுப்பு, சுவரில மாதா கலண்டர். நாங்கள் வந்த புதுசில இருந்த அதே அறை. இதுக்கொரு பட்டமாம்!”

“அப்ப அச்சொட்டாச் செய்திருக்கிறா எண்டு சொல்லுங்கோ.”

“விசர் வேலை. கலண்டரைத் தூக்கிப் பாத்தன். கமராவில தெரியாத இடம். அதுக்குப் பின்னாலயும் பூஞ்சணம் கீறி வைச்சிருக்கிறாள்.”

“அதேன்?”

மூத்தவர் சன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.

“முகாமில அந்தப் பூஞ்சணத்தை மறைக்கத்தான் நான் கலண்டரே கொழுவினனான். அவளுக்கு அப்ப நாலு வயசு. பிள்ளை கண்டிருக்காது எண்டுதான் இவ்வளவு காலமும் நினைச்சன்.”